60 லட்சம் வீட்டுக்கடன்: கடைசியில் எவ்வளவுக்கு அடங்கும்?

கேள்வி: பெங்களூரு ஹொரமாவில் 22,000 ரூபாய் வாடகையில் இருக்கிறோம். அதே பகுதியில் ஓ.சி. (கட்டி முடித்த வீட்டில் குடியேறலாம் என்ற சான்றிதழ்) கிடைத்துவிட்ட 1,200 சதுர அடி ஃபிளாட் ஒன்று 75 லட்சத்துக்கு வருகிறது. கையில் 15 லட்சம் இருக்கிறது, மீதி 60 லட்சம் கடன். வட்டி 8.5 சதவீதம், ஃப்ளோட்டிங், அதாவது அவ்வப்போது மாறும் வட்டி. எனக்கு 34 வயது, கணவருக்கு 37. இரண்டு சம்பளமும் சேர்ந்து மாதம் 1.35 லட்சம் கைக்கு வருகிறது. 30 வருடம் போட்டால் தவணை குறையும் என்கிறார் வங்கி அதிகாரி. 20 வருடத்துக்கு மேல் போகாதே என்கிறார் அண்ணன். உண்மையில் இந்த வீடு எங்களுக்கு எவ்வளவுக்கு அடங்கும்? யார் சொல்வதைக் கேட்பது?

பதில்: முதலில் நேரடிக் கணக்கு. 60 லட்சத்துக்கு 8.5 சதவீத வட்டியில் 20 ஆண்டு என்றால் மாதத் தவணை சுமார் 52,070 ரூபாய். மொத்தம் கட்டுவது ஏறக்குறைய 1 கோடியே 25 லட்சம், அதில் வட்டி மட்டும் 65 லட்சம். 30 ஆண்டு என்றால் தவணை 46,135, மொத்தம் 1 கோடியே 66 லட்சம், வட்டி 1 கோடியே 6 லட்சம். மாதம் 6,000 ரூபாய் குறைகிறதே என்று பத்து வருடம் நீட்டினால் வட்டி 41 லட்சம் கூடுகிறது.

இந்த 41 லட்சத்தைச் சொல்லி உங்களைப் பயமுறுத்துவது சுலபம். அண்ணன் அதைத்தான் சொல்லியிருப்பார். ஆனால் 2050-இல் கட்டப்போகும் ரூபாய் இன்றைய ரூபாய் இல்லை. விலைவாசி ஆண்டுக்கு 6 சதவீதம் ஏறுகிறது என்று வைத்துக்கொண்டால், 20 வருடம் கழித்துக் கொடுக்கும் 100 ரூபாய்க்கு இன்றைய மதிப்பு 31 ரூபாய்தான். அந்தக் கணக்கில் 20 வருடத் தவணைகள் எல்லாம் சேர்ந்து இன்றைய மதிப்பில் சுமார் 73 லட்சம், 30 வருடத் தவணைகள் சுமார் 77 லட்சம். வித்தியாசம் 4 லட்சத்துச் சொச்சமாகச் சுருங்கிவிடுகிறது. உங்கள் சம்பளம் விலைவாசியோடு சேர்ந்து ஏறவேண்டும், வட்டி 8.5-ஐத் தாண்டக்கூடாது என்ற இரண்டு நிபந்தனைகள் மட்டும் அதில் ஒளிந்திருக்கின்றன. ஆகவே 20-ஆ 30-ஆ என்பதை அந்தப் பெரிய தொகையை வைத்து முடிவு செய்யாதீர்கள். முடிவு செய்ய வேண்டிய இடம் வேறு.

அந்த இடம், மீதி அசல். முதல் மாதம் நீங்கள் கட்டும் 52,070-இல் 42,500 வட்டிக்குப் போகிறது, அசலில் கழிவது 9,570 மட்டும். ஐந்து வருடம் ஒழுங்காகக் கட்டி முடித்த பிறகு ஸ்டேட்மென்ட் எடுத்துப் பாருங்கள்: கட்டியது 31 லட்சத்துக்கு மேல், மீதி அசல் 52.9 லட்சம். பத்தாவது வருடம், அதாவது பாதி வழியில், 62 லட்சத்துக்கு மேல் கட்டியிருப்பீர்கள். அப்போதும் 42 லட்சம் பாக்கி இருக்கும். யாரும் ஏமாற்றவில்லை. மீதி அசலுக்கு மாதாமாதம் வட்டி போடுவதால் கணக்கு இப்படித்தான் வரும். ஆனால் ஐந்தாறு வருடத்தில் வேலை மாறி ஊர் மாறி வீட்டை விற்பவர்கள் பெங்களூரில் நிறைய. அவர்களுக்கு இந்த எண் பெரிய அதிர்ச்சியாக இருக்கிறது. கடன் பாதி குறைந்திருக்கும் என்று நினைத்து விலை பேச உட்காருவார்கள், குறைந்திருப்பதோ எட்டில் ஒரு பங்குகூட இல்லை.

முதல் வருடங்களில் அசலில் விழும் ஒவ்வொரு ரூபாய்க்கும் அதனால்தான் அவ்வளவு பலம். முதல் வருட முடிவில் போனஸோ, சீட்டுப் பணமோ 3 லட்சம் கிடைத்து, அதை அசலில் கட்டித் தவணையை மாற்றாமல் விட்டால், 26 மாதத் தவணை குறைந்துவிடும். சுமார் 13.7 லட்சம் கட்டாமல் தப்பிக்கிறீர்கள். அதே 3 லட்சத்தைப் பத்தாவது வருடம் கட்டினால் 13 மாதம்தான் குறையும். ஃப்ளோட்டிங் வட்டியில் தனிநபர் வாங்கும் வீட்டுக்கடனை முன்கூட்டிக் கட்டுவதற்கு அபராதக் கட்டணம் எதுவும் வாங்கக்கூடாது என்பது ரிசர்வ் வங்கியின் விதி. பணம் கட்டும்போது ஒன்றை மட்டும் எழுத்தில் கொடுங்கள்: “தவணையைக் குறைக்க வேண்டாம், காலத்தைக் குறையுங்கள்.” சொல்லாமல் விட்டால் சில இடங்களில் தவணையைக் குறைத்துவிடுவார்கள், லாபத்தில் பெரும்பகுதி போய்விடும்.

இப்போது உங்கள் 20, 30 கேள்விக்கு வருகிறேன். கணவருக்கு 37 வயது. 30 வருடம் என்றால் 67 வயதில் கடைசித் தவணை. தனியார் வேலையில் 58, 60-க்கு மேல் சம்பளம் வரும் என்று நம்பித் திட்டம் போடக்கூடாது. இந்த ஒரு காரணத்துக்காகவே அண்ணன் பக்கம் நிற்கிறேன். கணிதப்படி 30 வருடக் கடனை எடுத்து, மாதாமாதம் 5,935 ரூபாய் கூடுதலாக அசலில் கட்டினால் அதுவும் 20 வருடத்தில் முடிந்துவிடும். கட்டாய தவணை குறைவு, விரும்பினால் வேகம் என்று கேட்க நன்றாகத்தான் இருக்கிறது. ஆனால் ஸ்கூல் ஃபீஸ் வரும் ஜூன் மாதத்தில் அந்த 5,935-ஐ யாரும் தொடர்ந்து கட்டி நான் அதிகம் பார்த்ததில்லை.

வேலை போனால் என்ன செய்வது, அதற்காகவாவது 30 வருடம் பாதுகாப்பு இல்லையா என்று கேட்பீர்கள். இரண்டில் ஒரு சம்பளம் நின்று, மாதம் 65, 70 ஆயிரம்தான் வருகிறது என்று வையுங்கள். 52 ஆயிரமும் கட்ட முடியாது, 46 ஆயிரமும் கட்ட முடியாது. அந்த நேரத்தில் காப்பாற்றுவது வங்கிக் கணக்கில் தனியாக இருக்கும் ஆறு மாதத் தவணை, அதாவது 3 லட்சத்துச் சொச்சம். அதைச் சேர்த்து வைக்காமல் பத்திரப் பதிவுக்குப் போகாதீர்கள். மிச்சப் பணம் அவ்வப்போது கையில் தங்கும் குடும்பம் என்றால் ஓவர்டிராஃப்ட் கணக்கோடு இணைந்த வீட்டுக்கடனையும் விசாரியுங்கள். அதில் போட்டு வைக்கும் பணத்துக்கு வட்டி கழியும், அவசரத்துக்கு எடுத்துக்கொள்ளவும் முடியும். வட்டி விகிதம் கொஞ்சம் கூட இருக்கும்.

வட்டி ஏறும்போது என்ன ஆகிறது என்பதைப் பலர் கவனிப்பதே இல்லை. 2019 அக்டோபர் முதல் வங்கிகள் புதிய ஃப்ளோட்டிங் வீட்டுக்கடனை ரெப்போ (வங்கிகளுக்கு ரிசர்வ் வங்கி கடன் தரும் வட்டி விகிதம்) போன்ற வெளி அளவுகோலோடு இணைத்தாக வேண்டும். 2022 மே தொடக்கத்தில் 4 சதவீதமாக இருந்த ரெப்போ, 2023 பிப்ரவரியில் 6.5 ஆனது. பல பேருக்குத் தவணை மாறவில்லை, அதனால் எதுவும் மாறவில்லை என்று இருந்துவிட்டார்கள். மாறியது காலம். உங்கள் கடனிலேயே வட்டி 8.5-இலிருந்து 9.5 ஆகி, தவணையை அப்படியே விட்டால், 240 மாதக் கடன் 309 மாதமாகிவிடும். கூடுதலாக 69 தவணை, 35 லட்சத்துக்கும் மேல். இதற்காகத்தான் 2023 ஆகஸ்டில் ரிசர்வ் வங்கி ஓர் உத்தரவு போட்டது: வட்டி மாறும்போது தவணையைக் கூட்டுவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டும் கலந்தா என்று கடன் வாங்கியவரைக் கேட்க வேண்டும். அந்தக் குறுஞ்செய்தி வந்தால் அழிக்காதீர்கள், முடிந்தவரை தவணையைக் கூட்டச் சொல்லுங்கள். 2025 பிப்ரவரிக்கும் ஜூனுக்கும் நடுவில் ரெப்போ 1 சதவீதம் இறங்கியது. அப்படி இறங்கும் காலத்தில் பழைய தவணையையே தொடர்ந்து கட்டுவது பெரிய லாபம்.

வங்கி ரெப்போவுக்கு மேல் வைக்கும் கூடுதல் விகிதம்தான் ஸ்ப்ரெட். புது வாடிக்கையாளருக்குக் குறைத்துக் கொடுத்துவிட்டு உங்களைப் பழைய விகிதத்திலேயே வைத்திருப்பார்கள். வருடம் ஒரு முறை கேளுங்கள். உங்கள் கடனில் அரை சதவீதம் குறைந்தால் 20 மாதத் தவணை மிச்சம், 10 லட்சத்துக்கு மேல். சின்னக் கட்டணம் வாங்கிக்கொண்டு அதே வங்கியிலேயே மாற்றித் தருவதுண்டு. வேறு வங்கிக்கு மாற்றினால் புராசஸிங் கட்டணமும் எம்.ஓ.டி.டி. (பத்திரத்தை வங்கியில் அடமானமாக வைத்ததற்கான ஆவணம்) முத்திரைத் தீர்வையும் மறுபடி வரும் என்பதைக் கணக்கில் சேருங்கள். வங்கி அல்லாத வீட்டுக்கடன் நிறுவனங்களுக்கு ரெப்போ இணைப்புக் கட்டாயம் இல்லை, அவர்கள் சொந்த அளவுகோலை வைத்து வட்டியை மாற்றுகிறார்கள். அங்கே வாங்குவதானால் இன்னும் உஷாராக இருங்கள்.

கடனுக்கு வெளியே இருக்கும் செலவுதான் உங்கள் கடிதத்தில் எனக்குக் கவலை தந்தது. 15 லட்சம் போதாது. கர்நாடகத்தில் 45 லட்சத்துக்கு மேற்பட்ட சொத்துக்கு முத்திரைத் தீர்வை 5 சதவீதம், அதன் மேல் செஸ், சர்சார்ஜ் சேர்ந்து 5.6. பதிவுக் கட்டணம் 2025 ஆகஸ்ட் கடைசியில் 1-இலிருந்து 2 சதவீதமானது. ஆக 7.6 சதவீதம், 75 லட்சத்துக்கு 5.7 லட்சம். உங்கள் அளவுக் கடனில் வங்கி சொத்து மதிப்பில் 80 சதவீதம் வரைதான் தரலாம், அந்த மதிப்பில் பதிவுச் செலவைச் சேர்க்க முடியாது. இதற்கு மேல் வக்கீல் கட்டணம், புராசஸிங் கட்டணம், எம்.ஓ.டி.டி., அலமாரி, கிரில். 22 லட்சமாவது கையில் வேண்டும். பற்றாக்குறைக்கு நகையை அடகு வைத்தோ பர்சனல் லோன் எடுத்தோ ஓடுவதுதான் பல குடும்பங்களை முதல் இரண்டு வருடம் நசுக்குகிறது. அப்படி ஆகும் என்றால் ஒரு வருடம் தள்ளிப் போடுங்கள். ஓ.சி. வந்த ஃபிளாட் என்பதால் ஜி.எஸ்.டி. இல்லை. கட்டுமானத்தில் இருக்கும் வீடாக இருந்தால் 5 சதவீதம் வந்திருக்கும்.

சாங்ஷன் சமயத்தில் கடன் காப்பீடு என்று ஒன்றரை லட்சத்தைக் கடனோடு சேர்ப்பார்கள். அதற்கும் 20 வருடம் வட்டி ஓடி 3.12 லட்சமாகிவிடும். குடும்பத்துக்குப் பாதுகாப்பு அவசியம்தான், இருவரும் தனியாக டேர்ம் காப்பீடு (காலத்துக்குள் இறந்தால் மட்டும் பணம் தரும் ஆயுள் காப்பீடு) எடுங்கள். அவர்கள் கொடுக்கும் பாலிசியைத்தான் எடுக்க வேண்டும் என்று சட்டம் இல்லை.

வாடகையோடு ஒப்பிட்டுப் பாருங்கள். முதல் வருடத்தில் மாத வட்டி 42,500. குடியிருப்புச் சங்கத்துக்கு மாதப் பராமரிப்பு சதுர அடிக்கு 4 ரூபாய் என்றால் 4,800. 22 லட்சத்தை வைப்பில் போட்டிருந்தால் 7 சதவீதத்தில் கிடைத்திருக்கும் 12,800. மூன்றும் சேர்ந்து 60 ஆயிரம், உங்கள் வாடகை 22 ஆயிரம். இந்த 38 ஆயிரம் வித்தியாசத்தை ஈடு செய்ய வீட்டின் விலை முதல் வருடம் 6 சதவீதம் ஏற வேண்டும். சொத்து வரியையும், 2024 கோடையில் நம் ஊர் பட்டபாட்டைப் போல வந்தால் ஆகும் டேங்கர் தண்ணீர்ச் செலவையும் நான் சேர்க்கவில்லை. வருடம் போகப் போக வாடகை ஏறும், வட்டிப் பங்கு இறங்கும், படம் மாறும். பத்து வருடமாவது அதே வீட்டில் இருக்கப் போகிறீர்கள் என்றால் வாங்குங்கள். நாலைந்து வருடத்தில் ஊர் மாற வாய்ப்பிருந்தால் வாடகையே மேல்.

வரிச் சலுகையை நம்பிக் கணக்குப் போட வேண்டாம். பழைய வரி முறையில் ஒருவருக்கு வட்டியில் 2 லட்சம் வரை கழிவு உண்டு. புதிய முறையில், நாமே குடியிருக்கும் வீட்டுக்கு அந்தக் கழிவு இல்லை.

கையெழுத்துப் போடும் முன் கே.எஃப்.எஸ். என்ற முக்கிய விவரத் தாளைக் கேட்டு வாங்குங்கள். 2024 அக்டோபர் முதல் எல்லாச் சில்லறைக் கடனுக்கும் அது கட்டாயம். புராசஸிங், காப்பீடு எல்லாம் சேர்ந்த ஆண்டுச் செலவு விகிதமும், மாதவாரியான அசல் வட்டி அட்டவணையும் அதில் இருக்கும். கடன் வாங்குபவருக்குப் புரியும் மொழியில் அது இருக்க வேண்டும் என்பதும் விதி. ஆங்கிலமும் கன்னடமும் தடுமாற்றம் என்றால் தமிழில் கேளுங்கள், கூச்சப்பட வேண்டியதில்லை.

கடன் தீரும் நாளைப் பற்றியும் இப்போதே சொல்லிவிடுகிறேன். கடைசி ரூபாயைக் கட்டிய 30 நாளுக்குள் அசல் பத்திரங்களைத் திருப்பித் தர வேண்டும், வங்கியின் தவறால் தாமதமானால் நாளொன்றுக்கு 5,000 ரூபாய் இழப்பீடு. பத்திரம் கைக்கு வந்ததோடு நிறுத்திவிடாதீர்கள். சப் ரிஜிஸ்ட்ரார் அலுவலகத்தில் எம்.ஓ.டி.டி.-யை ரத்து செய்து, புதிதாக ஈ.சி. (வில்லங்கச் சான்று) எடுத்து, அதில் அடமானம் நீங்கியது பதிவாகியிருக்கிறதா என்று பார்த்த பிறகுதான் அந்தக் கோப்பை மூட வேண்டும்.