வெட்ட வெட்டத் துளிர்க்கும் உண்ணிச்செடி

கேள்வி: பெங்களூரு ஜிகணி அருகே எங்கள் வீட்டு மனையின் ஓரமெல்லாம் உண்ணிச்செடி மண்டிக்கிடக்கிறது. இரண்டு முறை ஆள் வைத்து வெட்டினோம். மழைக்குப் பின் முன்னைவிட அடர்ந்துவிட்டது. வண்ணத்துப்பூச்சிகள் நிறைய வருவதால் வேலியாகவே விட்டுவிடலாமா?

பதில்: வேண்டாம், எடுத்துவிடுங்கள்.

ஒரு பூங்கொத்தைக் கிள்ளிப் பாருங்கள். நடுவில் மஞ்சள், ஓரத்தில் சிவப்பு. மஞ்சள் பூ புதிது, அதில்தான் தேன். மகரந்தச் சேர்க்கை முடிந்ததும் சிவந்துவிடும். அழகுதான், எனக்கும் பிடிக்கும். ஆனால் சிவந்த பூக்கள் கறுப்புப் பழமாகும். கொண்டைக்குருவிகள் அதைத் தின்று பன்னேர்கட்டா காட்டில் எச்சமிடும். அங்கே புல் முளைக்க வேண்டிய இடத்தை இந்தப் புதர் பிடித்துக்கொள்ளும்.

இது ஒற்றை இனத்தின் வாரிசு அன்று. அமெரிக்க வெப்பநாடுகளின் பல இனங்களை ஐரோப்பியத் தோட்டக்காரர்கள் அழகுக்காகக் கலந்ததில் பிறந்தது. 19ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் கல்கத்தா தாவரவியல் பூங்கா வழியாக இங்கே வந்தது. வெயில், நிழல், வறட்சி எல்லாவற்றுக்கும் ஈடுகொடுக்கும் வலு அந்தக் கலப்பில் வந்ததுதான்.

அரிவாளால் வெட்டுவது, செடி செழித்துத் துளிர்ப்பதற்காகக் கிளை நறுக்கும் கவாத்துக்குச் சமம். தண்டும் வேரும் சேரும் கழுத்திலிருந்துதான் துளிர் கிளம்புகிறது. டெல்லிப் பல்கலைக்கழகப் பேராசிரியர் சி. ஆர். பாபு குழுவினர் உருவாக்கிய முறை எளிது: மண்ணுக்குள் 3 முதல் 5 செ.மீ. ஆழத்தில் வேரை வெட்டி, தூரோடு தூக்கித் தலைகீழாகக் காயவிடுங்கள். முதல் கோடை மழையில் மண் நெகிழ்ந்ததும், பழம் கறுக்கும் முன் தோண்டிவிடுங்கள். பிறகு ஒவ்வொரு மழைக்கும் நாற்றுகள் முளைக்கும். தண்டு முற்றும் முன் கையால் பிடுங்கினால் போதும்.

பக்கத்தில் ஆடுமாடு இருந்தால் இன்னும் அவசரம். இந்த இலையைத் தின்றால் கல்லீரல் கெட்டு, வெயில் பட்ட தோல் வெந்துபோகும். பச்சைக் காய்களைக் குழந்தைகள் வாயில் வைக்காமல் பார்த்துக்கொள்ளுங்கள்.

நர்சரியில் ‘காய்க்காத ரகம்’ என்று கொடுத்தாலும் வாங்காதீர்கள். அவற்றில் சிலவற்றின் மகரந்தம் காட்டுச் செடியோடு சேரும்.

வண்ணத்துப்பூச்சிக்குத் தேன் மட்டும் போதாது, முட்டையிட இலை வேண்டும். ஒரு கறிவேப்பிலைக் கன்று வையுங்கள், கருப்பு வண்ணத்துப்பூச்சிகள் தேடி வரும். வேலிக்கு ஆடாதொடை. ஆடு தொடாது, பூவுக்குத் தேனீ வரும். முற்றிய குச்சிகளை மழைக்காலத்தில் ஓரடி இடைவெளியில் ஊன்றினால் வேர்பிடித்துவிடும்.