உலோகம் படித்தால் ஆற்காட்டுப் பக்கம் வேலை கிடைக்குமா?

ஐயா, வணக்கம்.

மேல்விஷாரத்தில் உங்களுக்கு டேனரி (தோல் பதனிடும் ஆலை) வேலை. மகள் பிளஸ் டூ வேதியியலில் 94 எடுத்திருக்கிறாள், மெட்டலர்ஜி எனும் உலோகவியல்தான் படிப்பேன் என்று ஒற்றைக்காலில் நிற்கிறாள். உறவுக்காரர்கள் எல்லோரும் கம்ப்யூட்டர் சயின்ஸ் என்கிறார்கள். ‘குரோமில் நான் கிடந்தது போதாதா, அவளும் வரணுமா?’ என்று கேட்டிருக்கிறீர்கள். அந்தக் கேள்வியிலிருந்தே தொடங்குகிறேன்.

தோலைப் போட்டுச் சுழற்றும் டிரம்மில் நீங்கள் கொட்டும் பச்சைத் தூளுக்குப் பெயர் ‘பேசிக் குரோமியம் சல்பேட்’. அதிலிருக்கும் குரோமியம் மூன்று எலக்ட்ரானை இழந்தது. தோலின் நாரோடு போய்க் கட்டிக்கொள்வது அதுதான். குரோம் ஏறிய ஈரத் தோலான வெட் ப்ளூவின் நீலமும் அதன் நிறம்தான். அதே உலோகம் இன்னும் மூன்று எலக்ட்ரானை இழந்தால் மஞ்சளாகிவிடும், தண்ணீரில் சுலபமாகக் கரைந்து ஓடும், தூசியாக மூச்சில் ஏறினால் நுரையீரல் புற்றுநோய் வரை கொண்டுபோகும். ராணிப்பேட்டையில் மூடப்பட்ட குரோமேட் ஆலையின் கழிவு மேட்டைப் பற்றி ஊரே வருடக்கணக்காகப் பேசியது இந்த ஆறாம் நிலைக் குரோமியத்தால்தான். மூன்றா ஆறா என்று பிரித்துச் சொல்லத் தெரிந்தவருக்கு நம் வட்டாரத்தில் வேலை உண்டு. உங்கள் மகள் ஆசைப்படும் படிப்பு அந்த இடத்துக்குப் போகிற வழிகளில் ஒன்று.

மெட்டலர்ஜி என்றதும் சுரங்கமும் ஊதுலையும்தான் பலருக்கு ஞாபகம் வருகிறது. அந்த வேலை இங்கே இல்லை. நீங்கள் கொட்டும் குரோமின் மூலமான குரோமைட் பாறைக்கு ஒடிசாவின் சுகிந்தா பள்ளத்தாக்கு, மேக்னசைட்டுக்குச் சேலம், டைட்டானியம் தரும் இல்மனைட்டுக்கு மணவாளக்குறிச்சிக் கடற்கரை மணல். அந்தத் துறைக்குப் போகிறவள் ஊரை விட்டுப் போகத் தயாராக இருக்க வேண்டும். ஆற்காடு, ராணிப்பேட்டை, ஆம்பூர், வாணியம்பாடியில் இருப்பது இரண்டுதான்: உலோகத்தை வைத்து ஒன்றைச் செய்வது, செய்தது சரியா என்று சோதிப்பது. வீட்டிலிருந்தே போய்வரும் வேலை வேண்டுமென்றால் சோதனைப் பக்கத்தை முதலில் பாருங்கள் என்பேன்.

ஒரு உதாரணம். ஐரோப்பாவுக்குப் போகும், உடம்பில் படும் தோல் பொருளில் ஆறாம் நிலைக் குரோமியம் கிலோவுக்கு 3 மில்லிகிராமை எட்டக்கூடாது என்பது 2015 மே முதல் அங்கே சட்டம். டிரம்மில் போட்டதோ மூன்றாம் நிலை. பிறகு ஆறு எங்கிருந்து வந்தது? எண்ணெய் ஏற்றும்போது போடும் கொழுப்பு ஆக்சிஜனோடு சேர்ந்து கெடுகிறது. தோலின் அமிலத்தை முறிக்க நியூட்ரலைஸ் செய்யும்போது பி.எச். தேவைக்கு மேல் ஏறிவிடுகிறது. அதிகச் சூட்டில் காய்ச்சுகிறார்கள். பதப்பட்ட தோல் மாதக்கணக்கில் குடோனில் வெளிச்சம் பட்டுக் கிடக்கிறது. இவற்றில் இரண்டு மூன்று சேர்ந்துவிட்டால், சென்னைத் துறைமுகத்தில் பாஸான சரக்கு அந்தப் பக்கம் இறங்கும்போது ஃபெயில்.

லேபில் அதைப் பிடிக்கும் முறை கேட்க எளிது. சுமார் 2 கிராம் அரைத்த தோலை 100 மில்லிலிட்டர் பாஸ்பேட் கரைசலில், பி.எச். 8-ஐ ஒட்டி வைத்து, 3 மணி நேரம் குலுக்கி வடிகட்ட வேண்டும். டைபீனைல் கார்பசைடு என்ற வேதிப்பொருளைச் சேர்த்தால், ஆறாம் நிலை இருக்கும் இடத்தில் செவ்வூதா நிறம் வரும். அதை 540 நானோமீட்டர் ஒளியில் அளக்க வேண்டும். தப்பு நடப்பது இடையில்தான். ஆர்கானோ நைட்ரஜனோ விட்டுக் கரைசலிலிருந்து ஆக்சிஜனை விரட்டாவிட்டால் குலுக்கும்போதே மூன்று ஆறாக மாறி, இல்லாத குற்றத்தைத் தோல்மேல் சுமத்தும். கறுப்புச் சாயத் தோலாக இருந்தால் சாயமே கரைசலில் இறங்கி நிறத்தைக் கெடுக்கும். அதைத் தனியாக நீக்கிய பிறகே அளவு எடுக்க வேண்டும். பட்டன் அழுத்தத் தெரிந்தவர் பலர் கிடைப்பார்கள். வந்த எண்ணைச் சந்தேகப்படத் தெரிந்தவரைத்தான் லேப் விடாமல் வைத்துக்கொள்ளும்.

கழிவுநீர்ப் பக்கமும் அப்படித்தான். ஆற்றிலோ ஏரியிலோ விடும் நீரில் மொத்தக் குரோமியம் லிட்டருக்கு 2 மில்லிகிராம், ஆறாம் நிலை 0.1 என்பது பொது வரம்பு. டிரம்மில் போடும் குரோமில் ஏறக்குறைய மூன்றில் ஒரு பங்கு தோலில் ஏறாமல் தண்ணீரோடு வெளியே வருவது உங்களுக்கே தெரியும். அதை மேக்னீசியம் ஆக்சைடு போட்டு வண்டலாக்கி, கந்தக அமிலத்தில் கரைத்துத் திரும்ப டிரம்முக்கே அனுப்பலாம். மேக்னீசியம் மெதுவாகக் கரைவதால் வண்டல் கெட்டியாகப் படியும். விலை குறைவு என்று சுண்ணாம்பைக் கொட்டினால் வண்டல் பெருத்துப் போகும். அமிலம் ஊற்றும்போது ஜிப்சமும் சேர்ந்து வந்து தொல்லை தரும். இந்த வேலைக்கு மெட்டலர்ஜி கட்டாயமில்லை. பி.எஸ்சி., எம்.எஸ்சி. கெமிஸ்ட்ரி படித்தவரும் வரலாம். அண்ணா பல்கலையின் ஏ.சி. டெக்கில் (அழகப்பா தொழில்நுட்பக் கல்லூரி) லெதர் டெக்னாலஜி படித்தவருக்கு இது சொந்த வீடு.

மெட்டலர்ஜி படித்தவருக்கே உரிய இடம் இரும்புப் பக்கம். ராணிப்பேட்டை பெல் (பி.எச்.இ.எல்.) ஆலை அனல்மின் நிலையங்களுக்குத் தூசி பிடிக்கும் கருவி, காற்றுச் சூடேற்றி, பெரிய விசிறி எல்லாம் செய்கிறது. சிப்காட் தொழிற்பேட்டையைச் சுற்றி, தகட்டை வெட்டி வெல்டிங் செய்யும் ஃபேப்ரிகேஷன் ஷெட்டுகள் இருக்கின்றன. அங்கே அடிக்கடி வரும் புகார்: ‘எவர்சில்வர் தொட்டிதான், ஆனால் வெல்டிங் ஓரத்தில் துருப்பிடித்து ஒழுகுது.’ எவர்சில்வரில் 304 என்ற ரகத்தில் குரோமியம் சுமார் 18 சதவீதம், நிக்கல் 8 சதவீதம். துருவைத் தடுப்பது குரோமியம். அது சுமார் 12 சதவீதத்துக்குக் கீழே இறங்கினால் காவல் போயிற்று. வெல்டிங்கில் 450 முதல் 850 டிகிரிச் சூட்டில் கிடக்கும் பகுதியில் கார்பன் குரோமியத்தைப் பிடித்துக்கொண்டு உலோகத்தின் நுண்மணிகளுடைய ஓரங்களில் கார்பைடாகப் படிகிறது. பக்கத்தில் குரோமியம் வற்றிப்போய் அந்தக் கோட்டிலேயே அரிக்கிறது. கார்பன் 0.03 சதவீதத்துக்குள் இருக்கும் 304 எல் வாங்கியிருந்தால் இந்த வம்பு இல்லை. உப்புத்தண்ணீர் நிற்கும் தொட்டி என்றால் அதுவும் போதாது, மாலிப்டினம் 2 முதல் 3 சதவீதம் கலந்த 316 எல் வேண்டும். இல்லாவிட்டால் உப்பிலுள்ள குளோரைடு ஊசி குத்தியது போல் ஓட்டை போடும்.

304-ஐயும் 304 எல்-ஐயும் கையில் பிடிக்கும் எக்ஸ்ரே துப்பாக்கியால் பிரிக்க முடியாது, அதற்குக் கார்பன் தெரியாது. தீப்பொறியின் ஒளியை வைத்துக் கலவையைச் சொல்லும், ஆர்கான் ஓடும் ஸ்பார்க் ஸ்பெக்ட்ரோமீட்டர் வேண்டும். அதிலும் சாம்பிளைத் தேய்த்த பெல்ட்டில் முந்தைய உலோகத்தின் பொடி ஒட்டியிருந்தால் தப்பான விடை வரும். (நம் வீட்டு ஈயப்பூச்சிலும் இப்படி ஒரு பெயர்க் குழப்பம் உண்டு. பித்தளைப் பாத்திரத்தில் பூச வேண்டியது வெள்ளீயம். காரீயம் கலந்தால் விஷம். பெயர் ஒன்றாக இருப்பதால் ஏமாறுகிறோம்.)

இனிச் சேர்க்கை. பொறியியல் கட்ஆஃபில் கணக்குக்கு 100, இயற்பியலுக்கு 50, வேதியியலுக்கு 50. ஆகவே வேதியியல் 94-ஐ மட்டும் வைத்துக் கணக்குப் போடாதீர்கள். கணிதம் என்ன என்று எனக்கு எழுதவே இல்லை நீங்கள். மெட்டலர்ஜி உள்ள கல்லூரிகள் தமிழ்நாட்டில் கொஞ்சம்தான். கலந்தாய்வில் சேலம் அரசுப் பொறியியல் கல்லூரி, கோவை பி.எஸ்.ஜி. டெக், ஜே.இ.இ. மெயின் எழுதியிருந்தால் திருச்சி என்.ஐ.டி. என்.ஐ.டி.க்குக் கலந்தாய்வு தனி. விருப்பப் பட்டியலில் மற்ற இரண்டையும் மேலே வைத்து, அடுத்து பாகாயம் தந்தை பெரியார் அரசுக் கல்லூரியில் மெக்கானிக்கலை வையுங்கள். மெக்கானிக்கல் படித்தும் வெல்டிங், சோதனைப் பக்கம் வந்துவிடலாம். ஆறாம் வகுப்பிலிருந்து பிளஸ் டூ வரை அரசுப் பள்ளியில் படித்தவளாக இருந்தால் 7.5 சதவீத ஒதுக்கீட்டில் விண்ணப்பியுங்கள்; படிப்புக் கட்டணமும் விடுதிக் கட்டணமும் அரசே கட்டும். இதைத் தெரியாமல் கடன் வாங்கிச் சேர்ப்பவர்களைப் பார்த்தால் மனசு கேட்பதில்லை.

இந்த இடங்கள் எதுவும் கிடைக்காமல், பெயர் தெரியாத கல்லூரியில் நிர்வாக ஒதுக்கீட்டில் லட்சங்களைக் கொட்டி வாங்கும் பி.இ.யை விட, மேல்விஷாரத்திலோ வேலூரிலோ பி.எஸ்சி. கெமிஸ்ட்ரி சேர்த்துப் பிறகு எம்.எஸ்சி. படிக்க வைப்பது எவ்வளவோ மேல். முதுநிலைப் படிப்புக்கான கேட் தேர்வில் மெட்டலர்ஜிக்கும் கெமிஸ்ட்ரிக்கும் தனித்தனித் தாள் இருக்கிறது. எந்தப் பக்கம் போனாலும் மேலே ஏற வழி உண்டு.

கல்லூரி பார்க்கப் போகும்போது கட்டடத்தைப் பார்க்காதீர்கள். லேப் உதவியாளரிடம் மூன்று கேளுங்கள்: ஸ்பெக்ட்ரோமீட்டரோ, உலோக அளவு காட்டும் அணு உறிஞ்சல் கருவியோ இருக்கிறதா, மாணவர்கள் தங்கள் கையால் ஓட்டுகிறார்களா, அதன் பதிவேட்டில் கடைசியாக எழுதிய தேதி என்ன. கருவியில் தூசி, பதிவேட்டில் போன வருடத் தேதி என்றால் திரும்பி வந்துவிடுங்கள்.

மகள் இந்த விடுமுறையில் உலோகவியல், இடைநிலைத் தனிமங்கள், மின்வேதியியல் மூன்று பாடங்களையும் மறுபடி வாசிக்கட்டும். கல்லூரியில் முதலில் உதவப்போவது அவைதான். பிறகு வெல்டிங் சோதனைக்கான என்.டி.டி. (பொருளை உடைக்காமல் சோதிப்பது) லெவல் 2 சான்றிதழ் எடுக்கும் எண்ணமிருந்தால், பணம் கட்டும் முன் கண்ணைக் காட்டுங்கள். பக்கத்தில் உள்ளது தெளிவாகத் தெரிவதும் நிறம் பிரித்தறிவதும் அதற்குக் கட்டாயம்; கண்ணாடி போட்டுச் சரியானால் தடையில்லை. கணித மதிப்பெண்ணையும் சாதிச் சான்றிதழ் வகுப்பையும் எழுதி அனுப்புங்கள், விருப்பப் பட்டியலின் வரிசையைச் சேர்ந்து போட்டுவிடலாம்.