இலங்கை அரச ஊழியரின் ஓய்வு வயது: கேள்வி பதில்

தாபனக் கிளையில் மற்றவர்களின் ஓய்வுக் கோவைகளைப் பார்த்தே என் சேவைக்காலம் போனது. தெரிந்ததைச் சொல்கிறேன். வழக்குப் போடுவதென்றால் சட்டத்தரணியிடமும் கேளுங்கள்.

கேள்வி (தெமட்டகொடை, முகாமைத்துவ சேவை உத்தியோகத்தர்): ஐயா, 65 வரை வேலை என்றார்கள். வருடம் திரும்ப முன்னர் 60 என்றார்கள். இப்படி மாற்ற அரசாங்கத்துக்கு உரிமை இருக்கிறதா?

பதில்: இருக்கிறது, ஆனால் அந்த உரிமைக்கு எல்லையும் இருக்கிறது. அரச ஓய்வூதிய விதிகள் அடங்கிய ஓய்வூதியப் பிரமாணக் குறிப்பின் 17ஆம் பிரிவின்படி 55இல் விரும்பிப் போகலாம், 60இல் கட்டாயம் போக வேண்டும். 2021 நவம்பர் வரவுசெலவுத் திட்டம் அதை 65 ஆக்கியது. 2022 ஓகஸ்ட் 30 இடைக்கால வரவுசெலவுத் திட்டம் மறுபடி 60க்கு இறக்கி, 60 கடந்தவர்கள் டிசம்பர் 31உடன் விலக வேண்டும் என்றது.

அரச ஊழியர் பற்றிய கொள்கையைத் தீர்மானிப்பதை அரசியலமைப்பின் 55ஆம் உறுப்புரை அமைச்சரவையிடம் விட்டிருக்கிறது. ஆகவே "வயதைக் குறைத்தது பிழை" என்று மட்டும் சொல்லி நீதிமன்றம் போனால் வழக்கு நிற்காது. குறைத்த விதம் தன்னிச்சையானதா, ஒரே நிலையில் உள்ளவர்களை வேறு வேறாக நடத்தினார்களா, அரசு எழுத்தில் தந்த உறுதியை நம்பி நீங்கள் எடுத்த முடிவு பாதிக்கப்பட்டதா என்பவைதான் 12(1)ஆம் உறுப்புரையின் சமத்துவ உரிமைக்குள் வரும். நியாயமான எதிர்பார்ப்பு என்று சட்டத்தரணிகள் சொல்வதும் இதற்குள்தான் அடங்கும்.

எந்த வழி என்றாலும் முதலில் நாட்காட்டியைப் பாருங்கள். அடிப்படை உரிமை மனுவுக்கு 126ஆம் உறுப்புரை தருவது ஒரே ஒரு மாதம்.

கேள்வி (வத்தளை): நீதிபதிகளுக்கு மட்டும் ஏன் அதிகம்?

பதில்: உயர் நீதிமன்ற நீதியரசருக்கு 65, மேன்முறையீட்டு நீதிமன்றத்துக்கு 63 என்று அரசியலமைப்பின் 107ஆம் உறுப்புரையே சொல்கிறது. அதை மாற்ற அரசியலமைப்பைத் திருத்த வேண்டும். உங்கள் வயது அவ்வளவு உயரத்தில் எழுதப்படவில்லை.

கேள்வி (கொட்டாஞ்சேனை): விசேட வைத்தியர்கள் வழக்குப் போட்டுச் சேவையில் நின்றார்கள். நானும் அதைக் காட்டி நிற்கலாமா?

பதில்: 2022இல் 170க்கு மேற்பட்ட விசேட வைத்திய நிபுணர்கள் மேன்முறையீட்டு நீதிமன்றத்தில் எழுத்தாணை மனு (அரச முடிவைத் தடுக்கக் கேட்கும் மனு) போட்டு இடைக்கால உத்தரவு பெற்றார்கள். அது மனுப் போட்டவருக்குப் பிடித்த குடை. மனுப் போடாதவர் நனையத்தான் வேண்டும். உங்கள் பதவிக்கும் அவர்கள் பதவிக்கும் என்ன ஒற்றுமை என்று நீங்கள்தான் நீதிமன்றத்துக்குக் காட்ட வேண்டும்.

கேள்வி (மருதானை, வேலை தேடும் பட்டதாரி): 60 தாண்டியவர்கள் கதிரையை விட்டால்தானே ஐயா எங்களுக்கு இடம்? ஏன் அவர்களுக்காக இவ்வளவு பேசுகிறீர்கள்?

பதில்: தம்பி, உங்கள் கோபம் எனக்கு விளங்குகிறது. ஆனால் ஒருவர் விலகினால் அந்த இடத்துக்கு ஆள் எடுப்பார்கள் என்று எந்தச் சட்டமும் சொல்லவில்லை. திறைசேரி அனுமதி தராவிட்டால் அந்தக் கதிரை வெறுமையாகவே கிடக்கும்.

அதே நண்பர்: அப்படியானால் 65 சரி என்கிறீர்களா?

பதில்: இல்லை. 60 எனக்குச் சம்மதம். நான் எதிர்ப்பது வெறும் நான்கு மாத அவகாசத்தை. 65 வரை சம்பளம் வரும் என்று கணக்குப் பார்த்து வங்கிக் கடன் எடுத்தவரை ஓகஸ்டில் கூப்பிட்டு டிசம்பரில் போ என்பது நிர்வாகம் அல்ல. படிப்படியாக இறக்கியிருக்கலாம். பிறந்த திகதிப்படி வேறு வேறு வயது வைப்பது இந்த நாட்டில் புதிதல்ல. தனியார் துறைக்கு வந்த 2021ஆம் ஆண்டின் 28ஆம் இலக்கச் சட்டம் அப்படித்தான் 60க்கு ஏற்றியது.

இடையில் ஒருவர் (பம்பலப்பிட்டி, ஓய்வுபெற்ற ஆசிரியை): தம்பி கேட்டதில் நியாயம் இருக்கிறது. எங்கள் பாடசாலையில் எல்லோரும் ஒரே நாளில் போனார்கள், கணித வகுப்புக்கு ஆளில்லை.

பதில்: அக்கா, அது என் பக்கத்துக்கும் சாட்சி. இருப்பவர் ஒழுங்காகக் கையளித்துப் போகவும், வருபவர் பழகவும் காலம் வேண்டும். தம்பிக்கும் உங்களுக்கும் அநியாயம் செய்தது ஒரே ஆள்தான், அவகாசம் தராத அரசாங்கம்.

கேள்வி (வெள்ளவத்தை): கோவையில் உள்ள பிறந்த திகதிப்படி என் வயது ஒரு வருடம் கூடுதலாக இருக்கிறது. தொண்ணூறில் இடம்பெயர்ந்தபோது சான்றிதழ் தொலைந்தது.

பதில்: நம் ஆட்களிடம் நான் அதிகம் கண்ட வேதனை இது. ஒரு கோவை இன்னும் கண்ணுக்குள் நிற்கிறது. நியமனப் படிவத்தில் ஒரு வருடம், பாடசாலை விடுகைப் பத்திரத்தில் இன்னொன்று. பிறப்புப் பதிவு கிடைக்காதவருக்குக் கொடுக்கும் உத்தேச வயதுச் சான்றிதழைப் பிந்திப் பெற்றிருந்தார், அதில் மூன்றாவது. மூன்றையும் ஒரே ஊசியால் குத்தி வைத்திருந்தார்கள். முதல் நியமனத்தில் நீங்களே கையெழுத்து வைத்துக் கொடுத்த திகதியைத்தான் திணைக்களம் பிடித்துக்கொள்ளும். ஓய்வுக்கு ஆறு மாதம் இருக்கும்போது திருத்தம் கேட்டால் சேவையை நீட்ட வந்த தந்திரம் என்றே எண்ணுவார்கள். பதிவாளர் நாயகம் திணைக்களத்தில் பிறப்புப் பதிவைத் தேடுவியுங்கள். கிடைத்தால் உடனே திணைக்களத் தலைவருக்கு எழுத்தில் கொடுத்து, பெற்றதற்குக் கையொப்பம் வாங்குங்கள். இன்னும் பத்து வருடம் சேவை உள்ளவர்களும் இந்த வாரமே தங்கள் சுயவிபரக் கோவையைப் பாருங்கள்.

கேள்வி (தெஹிவளை): சென்னையில் உள்ள மச்சான் ஓய்வு வயது பற்றி ஓர் இந்தியத் தீர்ப்பு அனுப்பினார். அதை இங்கே காட்டலாமா?

பதில்: தமிழ்நாட்டில் 2020இல் 59, 2021இல் 60 ஆனது. அது அவர்களின் விதி. கொழும்பில் நீதிமன்றங்கள் உள்ள புதுக்கடையில் இந்தியத் தீர்ப்பை எடுத்துக் காட்டலாம், ஆனால் நீதிமன்றத்தை அது கட்டுப்படுத்தாது.

கேள்வி (கிராண்ட்பாஸ்): பொலிஸ் மா அதிபருக்கு 2023இல் திரும்பத் திரும்ப நீடிப்புக் கொடுத்தார்களே?

பதில்: சேவை நீடிப்பு வேறு, ஓய்வு வயது வேறு. நீடிப்பை உரிமையாகக் கேட்க முடியாது.

கேள்வி (மட்டக்குளி): வழக்குப் போட எவ்வளவு காலம்?

பதில்: மேலே சொன்னேன், அடிப்படை உரிமை மனுவுக்கு ஒரு மாதம்.

கேள்வி (இரத்மலானை): நான் அரசாங்க சேவை ஆணைக்குழுவுக்கு மேன்முறையீடு அனுப்பிக் காத்திருக்கிறேன். அதுவரை அந்த ஒரு மாதம் ஓடாதுதானே?

பதில்: ஓடும்! எத்தனை தரம் சொல்வது? கடிதம் அனுப்பிவிட்டுக் காத்திருந்தே நல்ல வழக்குகளை இழந்தவர்கள் இருக்கிறார்கள். அந்த ஒரு மாதத்துக்குள் மனித உரிமைகள் ஆணைக்குழுவில் முறையிட்டு, அங்கே விசாரணை நிலுவையில் இருந்தால் மட்டும் 1996ஆம் ஆண்டின் 21ஆம் இலக்கச் சட்டத்தின் 13ஆம் பிரிவு அந்தக் காலத்தைக் கணக்கில் எடுக்காது. அரசாங்க சேவை ஆணைக்குழுவின் கட்டளைக்கு எதிராக நிர்வாக மேன்முறையீட்டு நியாயசபை இருக்கிறது, ஆனால் அது வேறு பாதை.

கேள்வி (கொலன்னாவை): ஓய்வுக் கடிதம் கிடைத்து மூன்று வாரம் கடந்துவிட்டது ஐயா. காசும் இல்லை. என்ன செய்ய?

பதில்: நாளைக் காலையே புதுக்கடையில் சட்ட உதவி ஆணைக்குழுவுக்குப் போங்கள். நியமனக் கடிதம், 65 என்று வந்த சுற்றறிக்கை, ஓய்வுக் கடிதம் மூன்றையும் கொண்டு போங்கள். அந்தக் கடிதம் வந்த உறையை எறிந்துவிடாதீர்கள். எந்த நாளில் கைக்கு வந்தது என்று காட்டத் தபால் முத்திரை வேண்டும்.