இசையில் பிறந்த உலகம்: வாசகர் கேள்விகளும் பதில்களும்

ஆங்கில எழுத்தாளர் டோல்கீன் கற்பனை செய்த உலகின் படைப்புக் கதைகள் பற்றிக் கொழும்பு வாசகர்கள் கேட்டவை இவை. டோல்கீன் மறைந்து நான்கு ஆண்டுகளுக்குப் பின், 1977இல் வெளிவந்த 'சில்மரில்லியன்' நூலில்தான் இவற்றுக்கு விடை இருக்கிறது.

வெள்ளவத்தை வாசகி: அந்த உலகம் பாட்டிலிருந்தா பிறந்தது?

பாதி உண்மை. ஆதியில் இலூவத்தார் என்னும் இறைவன் ஒருவரே இருந்தார். அவருடைய எண்ணத்தில் பிறந்த ஐனூர் என்னும் தேவர்கள் கூடிப் பாடினார்கள். அந்தப் பாட்டு முதலில் வெறும் காட்சியாகவே தெரிந்தது. 'உண்டாகுக' என்னும் பொருளில் 'ஏயா' என்று இலூவத்தார் சொன்ன பிறகே உலகம் உண்டானது.

கொட்டாஞ்சேனை வாசகர்: மெல்கோர் அபசுரம் பாடியபோதே தடுத்திருக்கலாமே ஐயா?

நான் பலமுறை திரும்பிப் போய்ப் படிக்கும் இடம் இது. ஐனூரில் ஆற்றல் மிக்கவன் மெல்கோர். தனக்கென ஒரு பாட்டு வேண்டுமென்று நினைத்தான். இலூவத்தார் அவன் வாயை அடைக்கவில்லை. புதிய இசையை எழுப்பினார், அதுவும் குலைந்தபோது இன்னொன்றை எழுப்பினார். மூன்றாவதாக வந்தது மென்மையானது, துயரம் தோய்ந்தது. மெல்கோரின் பேரிரைச்சலால் அதை மூழ்கடிக்க முடியவில்லை. அவனுடைய வெற்றி முழக்கங்களையே அது தனக்குள் இழைத்துக்கொண்டது.

பிறகு, நீரை நேசித்த உல்மோவுக்கு இலூவத்தார் ஒன்றைக் காட்டுகிறார். மெல்கோர் கடுங்குளிரை ஏவினான், பனித்துகளின் அழகு பிறந்தது. வெப்பத்தை ஏவினான், மேகமும் மழையும் பிறந்தன. காலி வீதியில் மழைக்கு ஒதுங்கி நிற்கும்போதெல்லாம் எனக்கு இந்தப் பக்கம் நினைவுக்கு வரும். தீமையும் நல்லதே என்று மட்டும் இதைப் படித்துவிடாதீர்கள். அவன் அழித்த இரண்டு ஒளிமரங்கள் மீண்டும் தளிர்க்கவே இல்லை. ஒன்றின் கடைசிப் பூ நிலவாகவும் மற்றதன் கடைசிக் கனி சூரியனாகவும் எஞ்சின.

தெஹிவளை வாசகர்: நூமெனோர் மூழ்கியது நம் கபாடபுரக் கதைதானே?

இல்லை. டோல்கீன் மனத்தில் இருந்தது அட்லாண்டிஸ். பேரலை எழுந்து வரும் கனவும் அவருக்கு அடிக்கடி வந்தது. மனிதர் வாழ்ந்த தீவு நாடான நூமெனோரின் அரசன் சாகாவரம் வேண்டித் தேவர் நாட்டின்மேல் படையெடுத்தான், அதனால் கடல் கொண்டது. கடல்கொண்ட பாண்டியர் தலைநகராகக் கபாடபுரத்தைச் சொல்லும் இறையனார் களவியல் உரையோ அவ்வூரார்மேல் எந்தக் குற்றமும் சொல்வதில்லை. 2004இன் கடலைக் கண்ட நமக்கு இந்த வேறுபாடு சிறியதல்ல.

பம்பலப்பிட்டி மாணவர்: குள்ளர்களைப் படைத்தது யார்?

அவ்லே என்னும் கைவினைத் தேவன். இலூவத்தாரின் பிள்ளைகளான எல்ஃப்களும் மனிதர்களும் தோன்றும்வரை அவனுக்குப் பொறுமை இல்லை. பிழை உணர்ந்து, தான் படைத்தவர்களை உடைக்கச் சுத்தியலை ஓங்கினான். அவர்கள் அஞ்சி ஒடுங்கினார்கள். இலூவத்தார் அவர்களுக்கு ஏற்கெனவே தனி உயிர் கொடுத்திருந்தார். மூத்த பிள்ளைகளான எல்ஃப்கள் விழிக்கும்வரை கல்லுக்கடியில் உறங்கும்படி அந்த ஏழு மூதாதையருக்கும் விதித்தார்.