புல்லுக்காட்டுல ஜேசிபி விடலாமா?

கேள்வி: எங்களுக்கு கொழிஞ்சாம்பாறை பக்கம்ங்க, கேரளா-தமிழ்நாடு பார்டர் ரொம்ப கிட்ட. போர் தண்ணில ரெண்டு ஏக்கர் தென்னை இருக்கு, அத ஒட்டி மூணு ஏக்கர் புல்லுக்காடா சும்மா கெடக்குது, அப்பா காலத்துல மாடு மேஞ்ச எடம். மச்சான் ஜேசிபி விட்டு வழிச்சு எடுத்துட்டு மரம் வச்சிரலாம்ங்கறாரு. ரெண்டு மாடு, எட்டு வெள்ளாடு இருக்கு. என்ன பண்றதுங்க?

பதில்: சும்மா கெடக்குதுன்னு யாருங்கண்ணா சொன்னது, உங்க மாடு சொல்லுச்சா? காங்கேயம், தாராபுரம் பக்கம் இதத்தான் கொரங்காடுன்னு சொல்லுவாங்க. சுத்தி முள்ளுக்கிளுவை வேலி, உள்ள அங்கங்க வெள்வேல மரம், கீழ கொழுக்கட்டைப் புல்லு, காங்கேயம் மாடுக வளந்ததே இந்த மாதிரி காட்டுலதான். இந்தப் புல்லு காஞ்சு சருகா நின்னாலும் தூரு சாகாது, ஒரு மழை விழுந்தா அடியிலருந்து பச்சை கட்டிரும். வழிச்சு எடுத்தீங்கன்னா தூரே போச்சு, அப்பறம் பார்த்தீனியக் களைதான் வரும். எங்க பெரியப்பா இப்படித்தான் டிராக்டர் விட்டு ஓட்டி சோளம் போட்டாரு, ரெண்டு வருசம் மழை ஏமாத்திருச்சு, சோளமும் இல்ல புல்லும் இல்ல.

காட்டுக்குள்ள ஒரு நடை நடந்து பாருங்க. அணில் வாலாட்டம் சின்னக் கதிரு, தொட்டா பஞ்சு பஞ்சா வேட்டில ஒட்டுச்சுன்னா கொழுக்கட்டைப் புல்லு இன்னும் இருக்குன்னு அர்த்தம். அந்த விதைய உருவி சாக்குல போட்டு வைங்க, ஆனா உடனே வெதைக்காதீங்க, புது விதை சரியா மொளைக்காது, ஆறேழு மாசமாவது கெடக்கணும். அடுத்த புரட்டாசி கடைசில மொட்டையா இருக்கற எடத்துல தூவி முள்ளுக்கொப்ப இழுத்து விட்டா போதும், ஆழமாப் போனா வராது. ஏக்கருக்கு மூணு கிலோ தாராளம்.

அப்பறம் மூணு ஏக்கரையும் மூணா தடுத்து மாத்தி மாத்தி மேய விடுங்க, வருசம் ஒரு துண்ட மழைக்காலம் முழுக்க அடைச்சு வச்சு விதை கொட்டுன பெறகு தொறங்க. வெள்ளாட்டுக்கு புல்ல விட தழை மேலதான் கண்ணு, கிளுவைக்கொம்பு புதுசா நட்டா அது வேர் புடிக்கிற வரைக்கும் கிட்ட விடாதீங்க.

மரம் வேணும்னா ஏக்கருக்கு ஏழெட்டு வெள்வேலு போதும், காய மாடும் ஆடும் திங்கும். நெருக்கி வச்சா நெழல்ல புல்லு செத்துரும். பெரிய சீமைக்கருவேலம் இருந்தா வெட்டாதீங்க, மறுபடி தழைக்கும், அத வேரோட புடுங்க மட்டும் மச்சானோட ஜேசிபி வரட்டும்.

கேள்வி: புல்லோட முயல் மசால்ங்கற தீவனச் செடிய கலந்து போடலாமா?

பதில்: போடலாம், தீவனத்துக்கு நல்லதுதான், ஆனா அது தென்னமெரிக்காச் செடி. நம்மூரு செடிதான் வேணும்னா நரிப்பயறு போடுங்க.