மைக்கைத் திறந்ததும் ஹெட்செட் ஒலி கெட்டுப்போகிறதா?
வாலரண்ட் கேமில் வாய்ஸ் சாட்டை ஆன் செய்ததும் ப்ளூடூத் ஹெட்செட்டில் எல்லாமே பழைய ஃபோன் பேச்சு போலக் கேட்கிறது என்று எழுதியிருந்தீர்கள். ஹெட்செட்டில் பழுது இல்லை நண்பரே, அவசரப்பட்டுத் திருப்பிக் கொடுத்துவிடாதீர்கள். வழக்கமான ப்ளூடூத்தில் பாட்டு கேட்க ஒரு வழிமுறை, மைக்கோடு பேச இன்னொரு வழிமுறை. மைக் திறந்த நொடியில் விண்டோஸ் இரண்டாவதற்கு மாறிவிடும். அதில் மோனோ ஒலிதான், அதாவது இரண்டு காதிலும் ஒரே ஒலி. எதிரியின் காலடிச் சத்தம் இடப்பக்கமா வலப்பக்கமா என்றே தெரியாது.

சரி, ஆட்டத்தின் வாய்ஸ் சாட் செட்டிங்ஸில் இன்புட்டுக்கு லேப்டாப்பின் சொந்த மைக்கைக் கொடுங்கள். அவுட்புட் ஹெட்செட்டாகவே இருக்கட்டும். டிஸ்கார்டு என்ற பேச்சு ஆப் திறந்திருந்தால் அங்கேயும் மாற்ற மறக்காதீர்கள். அது ஒன்று ஹெட்செட் மைக்கைப் பிடித்துக்கொண்டிருந்தாலே ஒலி மறுபடி கெடும். அப்புறம், லேப்டாப் ஃபேன் இரைச்சல் கூட்டாளிகளுக்குக் கேட்டால் புஷ் டு டாக் (பட்டனை அழுத்தும்போது மட்டும் மைக் திறக்கும் வசதி) வைத்துக்கொள்ளுங்கள்.