காகிதக்கூழும் குப்பை நாட்காட்டியும்

கணவரின் வேலைக்காக ஜப்பானுக்கு வந்து ஒன்பது ஆண்டுகள் ஆகின்றன. சைத்தாமா மாகாணத்தின் ஒகாவாவில் வசிக்கிறேன். ஏழு குளிர்காலங்கள் இங்கே கைக்காகிதப் பட்டறை ஒன்றில் கழிந்தன. புதிதாக வருகிறவர்கள் கேட்ட சிலவற்றுக்குப் பதில்கள் இவை.

கேள்வி: அக்கா, அடுத்த மாதம் வருகிறோம். முதலில் என்ன செய்ய வேண்டும்?

பதில்: வீடு அமைந்த 14 நாட்களுக்குள் நகராட்சி அலுவலகத்தில் முகவரியைப் பதியுங்கள். அப்படியே குப்பை நாட்காட்டியையும் கேட்டு வாங்குங்கள். எரியும் குப்பைக்கு ஒரு கிழமை, பிளாஸ்டிக்குக்கு ஒரு கிழமை. கிழமை மாற்றி வைத்தால் எடுக்க மாட்டார்கள். என் முதல் பை தெருவே பார்க்க இரண்டு நாள் கிடந்தது.

கேள்வி: குளிர் தாங்குமா?

பதில்: வெளியே தாங்கும். பழைய வீடென்றால் உள்ளேதான் தாங்காது. மண்ணெண்ணெய் ஹீட்டர் வாங்கிவிடுங்கள்.

கேள்வி: அந்தக் குளிரில்தான் நல்ல காகிதம் செய்வார்களாமே, ஏன்?

பதில்: இந்தக் கேள்விக்காகத்தான் காத்திருந்தேன். ஒகாவாவிலும் பக்கத்துக் கிராமமான ஹிகாஷிச்சிச்சிபுவிலும் செய்யும் ஹொசொகாவா காகிதம் 2014இல் யுனெஸ்கோ பட்டியலில் சேர்ந்தது. கோசோ என்ற செடியின் பட்டைதான் மூலப்பொருள்; மல்பெரிக்கு உறவு. இலை உதிர்ந்ததும் வெட்டி, ஆவியில் வேகவைத்துப் பட்டையை உரிப்பார்கள். கருந்தோலைச் சுரண்டி, காரநீரில் அவித்து, அடித்து நாராக்குவார்கள். தொட்டியில் அந்த நாரோடு தொரோரோ அஓய் வேரின் வழவழப்பைக் கலப்பார்கள். அது நம் வெண்டையின் இனம்! பசை என்று பலர் நினைக்கிறார்கள், இல்லை. நார் அடியில் தங்காமல் மிதக்கவும், மூங்கில் பாயில் நீர் மெல்ல வடியவும் அதுவே காரணம். ஈரத்தாள்களை இடையில் துணி வைக்காமல் அடுக்கி அழுத்தினாலும் ஒவ்வொன்றாகப் பிரிந்து வரும். வெயில் காலத்தில் அந்த வழவழப்பு நீர்த்துவிடும். அதனால்தான் கை விறைக்கும் தண்ணீரில் வேலை.

கேள்வி: மொழி தெரியாமல் எப்படிச் சமாளித்தீர்கள்?

பதில்: அவித்த பட்டையைத் தண்ணீரில் அலசித் தூசு பொறுக்குவதற்கு 'சிரிதோரி' என்று பெயர். சிரி என்றால் தூசு. முதல் நாள் பட்டறைப் பாட்டி என் கையைக் காட்டி "சிரி, சிரி" என்றார். நான் சிரித்தேன். மறுபடியும் சொன்னார், மறுபடியும் சிரித்தேன். காரணம் விளங்கியபோது அவரும் சிரித்துவிட்டார். எதிரெதிரே உட்கார்ந்து தூசு பொறுக்கியதில் கற்றவைதான் என் ஜப்பானிய மொழியில் பாதி. வகுப்புக்கும் போனேன், அங்கே கற்றது படிவம் நிரப்பத்தான் உதவியது.

கேள்வி: கணவரைச் சார்ந்த விசாவில் சம்பள வேலை பார்க்கலாமா?

பதில்: குடிவரவு அலுவலகத்தில் அனுமதி பெற்றால் வாரம் 28 மணி நேரம் வரை பார்க்கலாம். அனுமதிக்கு முன் ஒரு யென்கூட வாங்காதீர்கள்.

கேள்வி: ஊர் நினைப்பு வந்தால் என்ன செய்வீர்கள் அக்கா?

பதில்: தொரோரோ அஓயின் பூ அச்சு அசல் வெண்டைப்பூ, வெளிர்மஞ்சள், நடுவில் கருஞ்சிவப்பு. வேர் பருக்க வேண்டுமென்று மொட்டுகளைக் கிள்ளிவிடுவார்கள். ஓரத்தில் ஒரு செடியை மட்டும் நான் கிள்ளாமல் விடுகிறேன். பாட்டிக்குத் தெரியும். கேட்டதில்லை.